அச்சம் தந்த நகை

நுழையும்முன்

நாடகத்திலும் திரையிலும் தலைவனின் பெருமை, அவனை எதிர்ப்பவனின் ஆற்றலைப் பொறுத்தே அமைகிறது. எதிரி எளியவனாயின் வெற்றியும் எளியதாகிவிடும். தமிழ்த் திரையுலகில் அத்தகைய வலிய எதிரியாக நின்று, தம் குரலாலும் சிரிப்பாலும் ஒரு தலைமுறையையே அச்சுறுத்தியவர் காங்கேயம் தந்த கலைஞர் பி.எஸ்.வீரப்பா. குரல் என்னும் கருவியை அவர் கையாண்ட திறத்தையும், அக்குரலுக்கு அப்பால் அவர் ஆற்றிய பணியையும் இப்பாடம் விளக்குகிறது.

கொங்கு மண்ணிலிருந்து

காளைகளுக்குப் பெயர்பெற்ற காங்கேயம், அன்றைய கோயம்புத்தூர் மாவட்டத்தைச் சார்ந்தது. இன்று திருப்பூர் மாவட்டத்தில் உள்ளது. வானம் பார்த்த பூமியும் கொறங்காட்டு மேய்ச்சல் நிலமும் சூழ்ந்த இவ்வூரில் 1911ஆம் ஆண்டு வீரப்பா பிறந்தார். பொருள் நெருக்கடி அவர்தம் கல்வியைத் தொடர விடவில்லை. நாடக மேடை அவரை ஈர்த்தது.

அந்நாளில் நடிகருக்கு முதல் தகுதி குரலே. ஒலிபெருக்கி பரவாத காலத்தில் கொட்டகையின் கடைசி வரிசையில் மண்ணில் அமர்ந்திருப்பவருக்கும் சொல் தெளிவாகச் சென்று சேர வேண்டும். தொண்டையால் மட்டும் கத்துபவரின் குரல் சில நாள்களில் கம்மிவிடும். அடிவயிற்றிலிருந்து மூச்சை எழுப்பி, சொல்லின் ஈற்றெழுத்தையும் விழுங்காமல் ஒலிப்பவரே நிலைத்தனர். வீரப்பாவின் முழக்கக் குரல் இத்தகைய மேடைப் பயிற்சியில் உரம்பெற்றது.

கொங்கு மண்ணின் மற்றொரு குரல் அவருக்குத் துணைநின்றது. காவிரிக்கரைக் கொடுமுடியில் பிறந்து, பாட்டால் புகழெய்திய கே.பி.சுந்தராம்பாள், வீரப்பாவின் நடிப்பாற்றலை அறிந்து திரையுலகிற்கு வழிகாட்டினார். 1940இல் வெளிவந்த மணிமேகலை திரைப்படம் அவருக்குத் தொடக்கமாயிற்று.

நகையும் அச்சமும்

தொல்காப்பியர் எண்வகை மெய்ப்பாடுகளுள் நகையை முதலில் வைத்து எண்ணுகிறார். நகை தோன்றும் நிலைக்களன்களுள் எள்ளலும் ஒன்று. வீரப்பாவின் சிரிப்பு இவ்வெள்ளலின்பாற் பட்டது. தலைவனின் நேர்மையையும், எளியோரின் கண்ணீரையும், அறத்தின் மீது மக்கள் கொண்ட நம்பிக்கையையும் ஒருசேர எள்ளி நகைக்கும் சிரிப்பு அது. நடிப்பவரிடம் நகையாகத் தோன்றும் அம்மெய்ப்பாடு, காண்பவரிடம் அச்சமாக மாறுகிறது. ஒருவரின் நகை மற்றொருவரின் அச்சமாகும் இம்மாற்றமே அவர் கலையின் நுட்பம்.

சினம் கொண்டு கத்துபவனிடம் ஒரு பதற்றம் இருக்கும். அவன் தோற்றுவிடுவான் என்னும் நம்பிக்கை காண்பவருக்குப் பிறக்கும். சிரிப்பவனிடமோ பதற்றம் இல்லை. தான் வென்றுவிட்டதாகவே அவன் எண்ணுகிறான். ஆதலால், தலைவனுக்காகக் காண்பவர் நெஞ்சம் துடிக்கிறது. மெல்லத் தொடங்கி, படிப்படியாக உயர்ந்து, அரண்மனைச் சுவர்களில் எதிரொலித்து, சட்டென்று அறுபடும் அச்சிரிப்பின் பின்வரும் அமைதி, சிரிப்பைவிடவும் அச்சம் தருவதாகும்.

அக்காலத்தில் காட்சியைப் படம்பிடிக்கும்போதே குரலையும் பதிவு செய்வது பெருவழக்கு. பின்னர்த் தனியறையில் அமர்ந்து குரலைச் செப்பம் செய்துகொள்ளும் வாய்ப்பு அரிது. வாளேந்தி, கனத்த அணிகலன்களும் ஆடையும் பூண்டு, விளக்குகளின் வெப்பத்தில் நின்றபடியே மூச்சை ஆண்டு சிரிக்க வேண்டும். மேடைப் பயிற்சியே அங்கே கைகொடுத்தது.

மறவா வேடங்கள்

1956இல் மாடர்ன் தியேட்டர்ஸ் உருவாக்கிய அலிபாபாவும் 40 திருடர்களும், தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம் என்னும் சிறப்புடையது. அதில் வீரப்பா கொள்ளைக் கூட்டத் தலைவனாக நடித்தார். 1957இல் வெளிவந்த மகாதேவி படத்தில், கண்ணதாசன் தீட்டிய உரையாடலை அவர் ஒலித்த முறை மக்கள் நாவில் பழமொழிபோல் நிலைத்தது. தான் விரும்பும் பெண்ணை மணத்தல் அல்லது சாவைத் தழுவுதல் என்னும் அந்த இருமுனைச் சூளுரையில், எதுகையும் மோனையும் அவர் குரலில் வாள்முனைகளாக மின்னின.

1958இல் எம்.ஜி.ஆர். இயக்கி நடித்த நாடோடி மன்னனில், அரியணையைத் தன் விருப்பப்படி ஆட்டிப்படைக்க எண்ணும் ராஜகுருவாகத் தோன்றினார். அதே ஆண்டில் வெளிவந்த எஸ்.எஸ்.வாசனின் வஞ்சிக்கோட்டை வாலிபனில், பத்மினியும் வைஜயந்திமாலாவும் போட்டியிட்டு ஆடும் காட்சியில் அவர் வியந்து கூறும் சில சொற்கள் இன்றும் தேர்தல் களத்திலும் விளையாட்டுத் திடலிலும் எதிரொலிக்கின்றன. அவற்றை முதலில் ஒலித்தவர் எவரென அறியாதவர்களும் அவரது ஏற்ற இறக்கத்துடனேயே அவற்றைச் சொல்கின்றனர். ஒரு நடிகரின் குரல், பெயரையும் கடந்து மொழியின் வழக்கில் கலந்துவிட்டதற்கு இதுவே சான்று.

> தெரியுமா?
>
> அமெரிக்க நடிகர் ஜேம்ஸ் எர்ல் ஜோன்ஸ் (1931–2024) சிறுவயதில் திக்குவாயால் துன்புற்று, பல ஆண்டுகள் பிறரிடம் பேசுவதையே தவிர்த்தார். ஆசிரியர் ஒருவர் அவரைக் கவிதைகளை உரக்கப் படிக்கச் செய்து அவருடைய குரலை மீட்டளித்தார். 1977இல் வெளிவந்த ஸ்டார் வார்ஸ் படத்தில் முகமூடி அணிந்த டார்த் வேடராக உடலால் நடித்தவர் வேறொருவர். உலகை அச்சுறுத்திய குரல் ஜோன்சுடையது. 1994இல் தி லயன் கிங் படத்தில் அறம்நிறைந்த சிங்கவேந்தன் முஃபாசாவுக்கும் அவரே குரல் தந்தார்.

தீமையின் மறுபக்கம்

புகழ் தரும் அடையாளமே கலைஞருக்குச் சிறையாவதும் உண்டு. ஜோன்சின் குரலுக்குத் தீயவனாகவும் நல்லவனாகவும் ஒலிக்கும் வாய்ப்புக் கிட்டியது. வீரப்பாவைத் திரையுலகம் பெரிதும் கொடியவர் வேடத்திலேயே கண்டது. சிரிப்புக்காகவே மக்கள் அவரைத் தேடினர். அச்சிரிப்பு இல்லாத வேடத்தில் அவரைக் கற்பனை செய்யவும் தயங்கினர். இவ்வேலியை அவர் தயாரிப்பாளராகிக் கடந்தார்.

அவர் தயாரித்த படங்களுள் தலையாயது 1962இல் கே.சங்கர் இயக்கத்தில் வெளிவந்த ஆலயமணி. அரண்மனைச் சூழ்ச்சியோ வாள்வீச்சோ அதில் இல்லை. செல்வமும் நற்பண்பும் வாய்ந்த ஒருவனின் உள்ளத்தில், சிறுவயது முதலே பதுங்கியிருக்கும் பொறாமை மீண்டும் தலைதூக்கி, நண்பனையும் காதலையும் ஐயுறச் செய்வதே அதன் கதை. அவ்வேடத்தைச் சிவாஜி கணேசன் ஏற்றார். தீமையைப் புறத்தே நின்று நகைக்கும் வடிவமாக நடித்துக் காட்டியவர், நல்லவனின் அகத்தே உறங்கும் தீமையை ஆராயும் கதைக்குப் பொருள் முதலீடு செய்தார் என்பது எண்ணத்தக்கது. இக்கதையை இந்தியிலும் ஆத்மி என்னும் பெயரில் அவரே தயாரித்தார். ஏ.பீம்சிங் இயக்க, திலீப்குமார் நடித்த அப்படம் 1968இல் வெளிவந்தது.

எம்.ஜி.ஆர். நடித்த ஆனந்தஜோதி (1963), சிவாஜி கணேசன் நடித்த ஆண்டவன் கட்டளை (1964) ஆகியனவும் அவர்தம் தயாரிப்புகளே. இரசிகர்கள் இரு அணிகளாகப் பிரிந்து நின்ற காலத்தில், அவ்விரு பெருநடிகர்களின் நம்பிக்கையையும் ஒருங்கே பெற்றிருந்தார் திரையில் எவரும் நம்பவியலாத அவ்வஞ்சகர். வேடம் வேறு, வாழ்வு வேறு என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

நிலைத்த ஒலி

1998ஆம் ஆண்டு வீரப்பா மறைந்தார். எனினும், சிற்றூர்த் திருவிழா நாடகங்களில் அரசனை எதிர்க்கும் வேடமேற்பவர் இன்றும் இடுப்பில் கைவைத்துத் தலையைப் பின்சாய்த்துச் சிரிக்கும்போது அவரே நினைவுக்கு வருகிறார். அறம் வெல்லும் என்பதைத் தலைவர்கள் உரையால் உணர்த்தினர். அவ்வெற்றி எத்துணை அரியது என்பதை வீரப்பா தம் சிரிப்பால் உணர்த்தினார்.

கற்பவை கற்றபின்

1. ஒரே தொடரைச் சினம், எள்ளல், அச்சம், வியப்பு ஆகிய நான்கு உணர்வுகளில் ஒலித்துக் காட்டி, பொருள் மாறுபடுவதைக் குழுவில் கலந்துரையாடுக.
2. உங்கள் பகுதி நாடகக் கலைஞர் ஒருவரைச் சந்தித்து, அவர் மேற்கொள்ளும் குரற்பயிற்சி குறித்து நேர்காணல் ஒன்றை உருவாக்குக.
3. ‘எதிர்த்தலைவனின் ஆற்றலே தலைவனின் பெருமை’ – நீங்கள் படித்த காப்பியம் ஒன்றைக் கொண்டு நிறுவுக.