முரசு நின்றால் உலகம் முடியும்!



"எப்படியும் எல்லாம் ஒருநாள் அழியத்தானே போகுது, அப்புறம் எதுக்குக் கஷ்டப்படணும்?" இப்படி நம்மில் பலர் சொல்கிறோம். வகுப்பறையைக் கூட்டச் சொன்னாலும் சொல்கிறோம், வீட்டுப்பாடம் எழுதச் சொன்னாலும் சொல்கிறோம். விளையாட்டாகச் சொன்னாலும் இது நல்ல கேள்விதான். இதற்கு ஒரு கதையும் ஒரு அறிவியல் விதியும் பதில் சொல்கின்றன. முதலில் கதையைப் பார்ப்போமா?

கற்பனையில் பிறந்த கடவுள்

டன்சனி பிரபு (1878–1957) என்பவர் அயர்லாந்து எழுத்தாளர். 1905-ஆம் ஆண்டு 'பெகானாவின் கடவுள்கள்' என்ற ஆங்கில நூலை வெளியிட்டார். இது மக்கள் வழிவழியாகச் சொல்லி வந்த புராணம் இல்லை. அதில் வரும் கடவுள்கள் எல்லாரையும் அவரே யோசித்து உண்டாக்கினார். அதனால் அவர்களுக்குக் கோயிலும் கிடையாது, திருவிழாவும் கிடையாது.

அந்தக் கதையில் பெரிய கடவுள் பெயர் மானா-யூட்-சுஷாய். அவர் சின்னக் கடவுள்களைப் படைத்துவிட்டுத் தூங்கிவிட்டார். அவர் காலடியில் ஸ்கார்ல் என்பவன் உட்கார்ந்து முரசு அடித்துக்கொண்டே இருக்கிறான். அந்தச் சத்தம் கேட்கிற வரைக்கும் பெரிய கடவுள் தூங்குவார். முரசு ஒரு நொடி நின்றாலும் முழித்துக்கொள்வார். அவர் முழித்தால் உலகங்களும் இருக்காது, சின்னக் கடவுள்களும் இருக்க மாட்டார்கள்!

இந்தக் கதையின் முடிவில் பெரிய போரும் இல்லை, அரக்கனும் இல்லை. முரசு ஓய்கிறது, அவ்வளவுதான். ஆனால் அதுவரைக்கும் ஸ்கார்ல் கை ஓய்ந்துபோனாலும் விடாமல் அடிக்கிறான்.

வீட்டுக்குள் இருக்கும் குட்டிக் கடவுள்கள்

அதே நூலில் வீட்டுக் கடவுள்களும் வருகிறார்கள். அவர்களில் மூன்று பேர்:

1. சும்பிபூ – தூசியின் கடவுள்.
2. கிரிபான் – அடுப்பு நெருப்புக்குள் இருந்து விறகைச் சாம்பலாக்குபவர்.
3. ஜபிம் – உடைந்த பொருள்களின் கடவுள். வீட்டுக்குப் பின்னால் உட்கார்ந்து, நாம் தூக்கி எறிந்த பொருள்களுக்காக வருத்தப்படுவார். உலகம் முடிகிற வரைக்கும் அப்படியே இருப்பார். இல்லாவிட்டால் யாராவது வந்து அவற்றைச் சரிசெய்கிற வரைக்கும்.

தூசி சேர்வது, விறகு சாம்பலாவது, பொருள் உடைவது. இந்த மூன்றையும் நாம் தினமும் பார்க்கிறோம். இதைத்தான் அறிவியலும் பேசுகிறது.

அறிவியல் என்ன சொல்கிறது?

1865-ஆம் ஆண்டு ஜெர்மனி அறிஞர் ருடால்ஃப் கிளாசியஸ் 'என்ட்ரோபி' என்று ஒரு பெயர் வைத்தார். சுலபமாகச் சொன்னால், ஒழுங்கின்மையின் அளவு என்று வைத்துக்கொள்ளலாம். வெளியோடு எந்தத் தொடர்பும் இல்லாத ஒன்றில் என்ட்ரோபி கூடும், இல்லையென்றால் அப்படியே இருக்கும். தானாகக் குறையாது. ஒரு டம்ளர் தண்ணீரில் ஒரு சொட்டு மை விட்டுப் பாருங்கள். பரவிவிடும். எவ்வளவு நேரம் காத்திருந்தாலும் திரும்ப ஒரே சொட்டாகச் சேராது.

ஏன் அப்படி? ஒரு கணக்குப் போடுவோம். 1 முதல் 10 வரை எழுதிய 10 சீட்டுகளை 36,28,800 வகையாக அடுக்கலாம். அதில் வரிசையாக இருப்பது ஒன்றே ஒன்றுதான். ஒரு நொடிக்கு ஒரு வகை என்று இரவு பகல் தூங்காமல் அடுக்கினால் எல்லாம் முடிய சரியாக 42 நாள் ஆகும்! பத்துச் சீட்டுக்கே இப்படி. ஒரு சொட்டு மையில் கோடி கோடியாக மூலக்கூறுகள் இருக்கின்றன. கலைந்து கிடக்க எத்தனையோ வழி, ஒழுங்காக இருக்க மிகச் சில வழிதான். அதனால்தான் எதுவும் தானாகக் கலையும், தானாகச் சேராது.

அப்படியானால் செடி எப்படி வளருது? நாம் எப்படி வளர்றோம்? வெளியிலிருந்து ஆற்றல் வருகிறது, அதனால்தான். சூரிய ஒளியில் இலை உணவு தயாரிக்கிறது. அந்தச் சோற்றைச் சாப்பிட்டுத்தான் நாம் துடைப்பத்தைப் பிடிக்கிறோம். வகுப்பறை ஒழுங்காகிறது, நமக்கு வேர்க்கிறது. நம் உடம்பிலிருந்து வெப்பம் வெளியே போகிறது. எல்லாம் சேர்த்துக் கணக்குப் பார்த்தால் என்ட்ரோபி கூடித்தான் இருக்கும். ஆனால் அந்த அறை சுத்தமாக இருக்கிறது அல்லவா? அதுதான் நமக்குக் கிடைத்த லாபம்.

என்னைக் கேட்டால் நம் உலகத்துக்கு ஸ்கார்ல் சூரியன்தான். அதுவும் ஒருநாள் ஓயும். ஆனால் பயப்படாதீர்கள், இன்னும் சுமார் 500 கோடி வருடம் இருக்கிறது!

அப்போ முதல் கேள்விக்குப் பதில்?

அழியும் என்பது நிஜம்தான். அதனால்தான் வேலை செய்ய வேண்டியிருக்கிறது. தானாகவே எல்லாம் ஒழுங்காக இருந்தால் ஸ்கார்லும் தேவையில்லை, நாமும் தேவையில்லை.

நம் பள்ளிக்குப் பின்னால் கால் உடைந்த பெஞ்சுகள் கிடந்தன. ஆசாரி தாத்தா வந்து இரண்டு பெஞ்சுக்குக் கட்டை வைத்து ஆணி அடித்துக் கொடுத்தார். இப்போ அதில் ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் உட்காருகிறார்கள். அது மறுபடியும் உடையலாம். ஆனால் இந்த வருஷம் எட்டுப் பேர் தரையில் உட்காரவில்லை.

பெஞ்சு மட்டும் இல்லை. போன வருஷம் ஒரு அக்கா படிப்பைப் பாதியில் நிறுத்திவிட்டார். டீச்சர் மூன்று தடவை அவர் வீட்டுக்கு நடந்து போய்ப் பேசினார்கள். இப்போ அந்த அக்கா பத்தாம் வகுப்பு படிக்கிறார். விட்டிருந்தால் எல்லாரும் மறந்திருப்போம். தானாக யாரும் திரும்பி வருவதில்லை, யாராவது போய்க் கூப்பிட வேண்டும்.

இந்தத் தாளும் வெயிலில் மங்கிப் போகும், பசை விட்டுப் போகும். அடுத்த மாதம் புதுத் தாள் ஒட்டுவோம். மீதிப் பெஞ்சுகள் இன்னும் பின்னால்தான் கிடக்கின்றன. ஜபிம் காத்திருக்கிறார். சனிக்கிழமை யார் யார் வர்றீங்க?

உங்களுக்கு ஒரு கேள்வி: 5 சீட்டுகளை எத்தனை வகையாக அடுக்கலாம்? விடையை ஒரு தாளில் எழுதி வகுப்புத் தலைவியிடம் கொடுக்கவும். சரியான விடை அடுத்த இதழில்!



– ஒன்பதாம் வகுப்பு மாணவி