நாற்காலிக்கும் மூன்று நாள்

வீட்டு முன்னால் புதிதாகப் புல்தரை போட்டு, அதில் நாற்காலியும் மேசையும் போடப் போகும் பிள்ளைகளுக்கு, நாற்பது வருஷம் தோட்ட வேலை பார்த்தவன் சொல்வது:

1. புல்லும் பயிர்தான். வெயில் படாவிட்டால் வெளுக்கும், மண் இறுகினால் வேர் திணறும். மற்ற அறிவுரையெல்லாம் இதிலிருந்து வருவதுதான்.

2. காலையிலும் மாலையிலும் போய் நின்று நிழல் பாருங்கள். சாயங்காலம் உட்காருவதற்கு வீட்டின் கிழக்குப் பக்கம் நல்லது. வீட்டு நிழலே குடை. தென்னைக்கு அடியில் நாற்காலி போடவே கூடாது. மட்டையும் நெற்றும் சொல்லிவிட்டு விழாது.

3. உங்கள் புல்லை அறியுங்கள். பெர்முடா என்பது நம் அருகம்புல்தான். நிழல் தாங்காது, ஆனால் சீக்கிரம் படரும். கொரியன் புல் மெதுவாக வளரும். அதில் விழுந்த திட்டு மூட மாதக்கணக்காகும். ஒரு கோடை விடுமுறை முழுக்க ஒரே இடத்தில் பெஞ்சை விட்டுவிட்டேன். எடுத்தபோது அதன் அளவுக்கே புல் வைக்கோலாகிக் கிடந்தது. இன்றும் அது என் மனதை உறுத்துகிறது.

4. விருந்தும் மருந்தும் மூன்று நாள். நாற்காலிக்கும் அதே கணக்கு. மூன்று நாளுக்கொரு முறை இரண்டடி தள்ளிப் போடுங்கள். இழுக்காதீர்கள், தூக்குங்கள்.

5. தண்ணீர் பாய்ச்சிய அன்று போடாதீர்கள். ஒல்லிக் கால் ஈர மண்ணில் புதையும். மேசை ஒரே இடத்தில்தான் நிற்கும் என்றால், ஒவ்வொரு காலுக்கும் ஒரு கடப்பைக்கல் துண்டை மண் மட்டத்துக்குப் பதியுங்கள். புல்வெட்டும் இயந்திரம் அதன்மேல் தடையில்லாமல் போகும்.

6. கல் பெஞ்சைப் புல்லின்மேல் வைக்காதீர்கள். ஓரமாக நாலு அங்குலம் மண்ணெடுத்து, ஜல்லி பரப்பி, அதில் நிறுத்துங்கள்.

7. இரும்பு நாற்காலிக்கு முதலில் ரெட் ஆக்சைடு பூசுங்கள், பிறகு எனாமல். மரக்காலைக் கரையான் தேடி வரும். வாரம் ஒருமுறை கவிழ்த்துப் பாருங்கள். பிரம்பு மழைக்கு ஆகாது. ஐப்பசி அடைமழைக்கு முன் எல்லாவற்றையும் தாழ்வாரத்தில் ஏற்றிவிடுங்கள்.

8. புல் மஞ்சளானால் பிடுங்கி எறியாதீர்கள். கம்பியால் துளையிட்டு, மணலும் மக்கிய எருவும் தூவி, தண்ணீர் தெளித்துக் காத்திருங்கள். வேர் உயிரோடிருந்தால் துளிர்க்கும். துளிர்க்கும்வரை அங்கே யாரையும் உட்கார விடாதீர்கள்.