மலைப் புல்வெளியின் லூப்பின்

பயற்றஞ்செடியைப் பிடுங்கினால் வேரிலே சிறு முடிச்சுகள் தெரியும். அவற்றுள் வாழும் பற்றீரியாக்கள் காற்றிலுள்ள நைதரசனைப் பிடித்துச் செடிக்கு உணவாக்குகின்றன. பசளை வாங்க வழியற்ற கமக்காரருக்கு இது பெரிய உதவி. லூப்பினும் இதே அவரைக் குடும்பம்தான்.

அதில் பல இனங்கள் உண்டு. பேரிலை லூப்பின் வட அமெரிக்காவின் மேற்குப் பகுதிக்கு உரியது. அலாஸ்கா தொடக்கம் கலிபோர்னியா வரை, ஈரமான மலைப் புல்வெளிகளிலும் ஓடைக்கரைகளிலும் தானாகவே முளைக்கும். விரித்த கைவிரல்கள் போன்ற இலை. நிமிர்ந்த நீலப் பூங்கொத்து.

பசளையின்றி வளரும் என்றதும் ஆசை வருவது இயல்பே. ஆனால் இதன் விதையிலும் தழையிலும் கசப்பான நச்சுப்பொருள் உண்டு. மாடுகள் அதிகம் தின்றால் நோயுறும்.

இன்னொன்றும் உண்டு. இதிலிருந்து உருவாக்கிய தோட்டக் கலப்பினத்தை அழகுக்காக நியூசிலாந்துக்குக் கொண்டுசென்றார்கள். முற்றிய நெற்று வெடித்து விதையை வீசும். ஆறு அதைச் சுமந்து போகும். தென்தீவின் ஆற்றுச் சரளை மேடுகளில் அது புதராக மண்டிவிட்டது. வெட்டவெளியில் முட்டையிடும் பறவைகள் இடமிழந்தன; புதருக்குள் பதுங்கும் பூனைகளுக்கு வேட்டை இலகுவாயிற்று. சத்தற்ற மண்ணுக்குப் பழகிய உள்ளூர்ச் செடிகளோ, மண் கொழுத்ததும் பிற களைகளிடம் தோற்றன. மண்ணை வளமாக்கும் அதே குணந்தான் அங்கே கேடாயிற்று! ஆயினும் அங்குள்ள செம்மறி வளர்ப்போர் சிலர் அதைத் தீவனமாக விதைக்கிறார்கள். வழக்கு இன்னும் தீரவில்லை.

எங்கள் வெப்பமான, வறண்ட காணிகளுக்கு இந்தக் குளிர்நிலச் செடி ஏற்றதன்று. பயறு இருக்கிறது. காய் பறித்து முடிந்ததும் செடியை வேரோடு பிடுங்காமல் அடியில் அறுத்துவிடுங்கள். முடிச்சுகள் மண்ணுக்குள்ளேயே உக்கட்டும்.