பெயருக்குப் பூவா தலையா

கேள்வி: பிளஸ் டூ படிக்கும் என் மகளின் கணக்குப் புத்தகத்தில் 'சமவாய்ப்பு மாறி' என்று ஒன்று வருகிறது. ஆங்கிலத்தில் 'ரேண்டம் வேரியபிள்' என்கிறார்கள். இந்தப் பெயர் எப்படி வந்தது?

பதில்: பூவா தலையா போட்டு நிலைத்த பெயர் அது. 1950ஐ ஒட்டிய ஆண்டுகளில் அமெரிக்காவில் இரண்டு பேர் நிகழ்தகவுக்குப் பெரிய நூல்கள் எழுதிக்கொண்டிருந்தார்கள். ஒருவர் வில்லியம் ஃபெல்லர், மற்றவர் ஜோசப் டூப். எல்லாரும் 'ரேண்டம் வேரியபிள்' என்றுதான் சொல்கிறார்கள் என்பது ஃபெல்லரின் கட்சி. இல்லை, 'சான்ஸ் வேரியபிள்' என்பதுதான் வழக்கு என்றார் டூப். இரண்டு நூலிலும் ஒரே சொல் இருந்தாக வேண்டுமே! நாணயத்தைச் சுண்டினார்கள், ஃபெல்லர் ஜெயித்தார். பின்னாளில் ஒரு பேட்டியில் இதைச் சொன்னவர் தோற்ற டூப்தான்.

ஃபெல்லர் 1906-ல் ஸாக்ரெப் நகரில் பிறந்தவர். 20 வயதில் ஜெர்மனியின் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம். கீல் நகரில் வேலை பார்த்தபோது நாஜிகள் கேட்ட விசுவாச உறுதிமொழியில் கையெழுத்திட மறுத்து, 1933-ல் வெளியேறினார். டென்மார்க், ஸ்வீடன் வழியாக 1939-ல் அமெரிக்கா போய்ச் சேர்ந்தார். அவருடைய நூலின் முதல் பாகம் 1950-ல் வந்தது, இரண்டாம் பாகம் 1966-ல்.

முதல் பாகத்தை நான் கொண்டாடுவதற்குக் காரணம், அதில் நாணயம் சுண்டுவதற்கென்றே வரும் அத்தியாயம். இருவர் நொடிக்கு ஒரு தடவை வீதம் ஓர் ஆண்டு முழுக்கச் சுண்டுகிறார்கள். பூ விழுந்தால் ஒருவருக்கு ஒரு ரூபாய், தலை விழுந்தால் மற்றவருக்கு. நாணயத்தில் கோளாறு இல்லை. ஆளுக்குப் பாதி நாள் முன்னிலையில் இருப்பார்கள் என்றுதானே மனம் சொல்கிறது? கணக்கு அப்படிச் சொல்லவில்லை. இப்படி 20 ஆட்டம் ஆடினால், சராசரியாக அதில் ஒன்றில், ஒரே ஆள் 364 நாளும் 10 மணி நேரமும் தாண்டி முன்னிலையிலேயே இருப்பார்! பாதிப் பாதியாகப் பிரிவதுதான் இருப்பதிலேயே அரிது. தொடர்ந்து ஜெயிப்பவரைத் திறமைசாலி என்றும் தோற்பவரை ராசியில்லாதவர் என்றும் முத்திரை குத்துவதற்கு முன் இந்த அத்தியாயத்தைப் படிக்க வேண்டும். பள்ளிக் கணக்கே போதும், புரிந்துவிடும்.

டூபின் நூல் 1953-ல் வந்தது. அது தேர்ந்தவர்களுக்கானது.

உங்கள் மகளிடம் ஒன்று சொல்லுங்கள். 'சமவாய்ப்பு' என்ற சொல்லைப் பார்த்து எல்லா மதிப்புக்கும் சம வாய்ப்பு என்று நினைத்துவிட வேண்டாம். இரண்டு பகடை உருட்டிக் கூட்டினால் 7 வர 36-ல் 6 வாய்ப்பு, 2 வர ஒன்றே ஒன்றுதான். ஆனாலும் அந்தக் கூட்டுத்தொகை சமவாய்ப்பு மாறிதான். இலங்கைப் பாடநூல்களின் 'எழுமாற்று மாறி' இந்தக் குழப்பத்தைத் தருவதில்லை. 'வாய்ப்பு மாறி' என்று சொல்பவர்களும் உண்டு. எனக்குப் பிடித்தது அதுதான். டூப் கேட்ட பெயரின் நேர்த் தமிழ் அது.