எத்தனை டம்ளர் தங்கியது?

கோபிசெட்டிபாளையம்

அன்புள்ள கண்ணுக்கு,

பெரியம்மா எழுதுகிறேன். நேற்று ராத்திரி போனில் பேசிக்கொண்டிருந்தபோதே "இருங்க பெரியம்மா" என்று சொல்லிவிட்டு ஓடினாய். குழாயைத் திறக்கும் சத்தம் கேட்டது. திரும்பி வந்து, "ஒண்ணுமில்லீங்க பெரியம்மா, மசக்கைதானே. எல்லாருக்கும் வர்றதுதானே. அத்தைகூட அதையேதான் சொல்றாங்க" என்றாய். மாத்திரை ஏதாவது போட்டாயா என்று கேட்டேன். "ஐயோ, குழந்தைக்கு ஆகாது" என்று பதறினாய். போனை வைத்த பிறகு எனக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. அந்தத் 'தானே'வைப் பற்றித்தான் இந்தக் கடிதம். போனில் சொன்னால் பாதியிலேயே எழுந்து ஓட வேண்டியிருக்கும். காகிதம் என்றால் குமட்டும்போது மடித்து வைத்துவிட்டு, அடங்கியதும் மறுபடி எடுத்துக்கொள்ளலாம்.

முதலில் உனக்குத் தெரியாத ஒரு விஷயம். நீ உன் அம்மா வயிற்றில் இருந்தபோது நான் அரசு ஆஸ்பத்திரியில் ஸ்டாஃப் நர்ஸ். அவளுக்கு மூன்றாம் மாதம். பக்கத்து வீட்டு போனிலிருந்து கூப்பிட்டு, "அக்கா, தண்ணி குடிச்சாக்கூட நிக்க மாட்டேங்குது" என்றாள். இரவு டூட்டி முடிந்து வந்த களைப்பில் நான், "மசக்கைதானடி, இஞ்சிச் சாறு குடி, சரியாப் போயிடும்" என்று சொல்லி வைத்துவிட்டேன். நான்கு நாள் கழித்துத்தான் போய்ப் பார்த்தேன். கட்டிலோரம் துப்புவதற்கு ஒரு சொம்பு. உதடு வெடித்திருந்தது. அவளுடைய புறங்கைத் தோலைக் கிள்ளி விட்டேன். கிள்ளிய மடிப்பு படியவே இல்லை, அப்படியே எழும்பி நின்றது. "கடைசியா எப்ப ஒண்ணுக்குப் போனே?" என்று கேட்டேன். யோசித்துவிட்டு, "நேத்து சாயங்காலம்" என்றாள். ஆட்டோ பிடித்துக் கூட்டிப்போய் மூன்று நாள் சலைன் ஏற்றினோம். நீங்கள் இரண்டு பேரும் தப்பித்தீர்கள். ஆனால் வார்டில் முன்பின் தெரியாத நோயாளிகளிடம் தினமும் கேட்ட கேள்வியை, என் கூடப் பிறந்தவளிடம் நான் கேட்கவில்லை. எவ்வளவு தண்ணீர் உள்ளே தங்கியது என்ற அந்த ஒரு கேள்விதான்.

எல்லாருக்கும் வருவது என்பது உண்மைதான், மறுக்கவில்லை. நூறு பேரில் 70, 80 பேருக்குக் குமட்டலோ வாந்தியோ வரும். ஐந்து, ஆறாவது வாரத்தில் தொடங்கி, ஒன்பதாவது வாரத்தை ஒட்டி உச்சத்துக்குப் போய், பெரும்பாலானவர்களுக்கு 14 முதல் 16 வாரத்துக்குள் அடங்கிவிடும். சிலருக்கு 20 வாரம் வரை இழுக்கும். உனக்கு இப்போது ஏழாவது வாரம். இன்னும் இரண்டு வாரம் கூடத்தான் செய்யும் என்று மனதைத் தயார் செய்துகொள். காலையில் மட்டும் வரும் என்றும் எதிர்பார்க்காதே. சாயங்காலமும் வரும், நடு ராத்திரியிலும் வரும்.

நம் மண்ணில் இது புதிதும் இல்லை. பழந்தமிழில் இதற்கு 'வயா' என்று பெயர். புறநானூற்றின் 20ஆம் பாட்டில் குறுங்கோழியூர் கிழார் சேர மன்னனை எப்படிப் புகழ்கிறார் தெரியுமா? அவன் நாட்டு மண்ணை மசக்கைப் பெண்கள் ஆசைப்பட்டுத் தின்றால்தான் உண்டு, பகைவரால் நெருங்க முடியாது என்கிறார். அந்த ஆசை இன்றும் மாறவில்லை. சிலேட்டுக் குச்சியும் சாம்பலும் திருட்டுத்தனமாகத் தின்ற எத்தனையோ பெண்களைப் பார்த்திருக்கிறேன். உனக்கும் அப்படித் தோன்றினால் வெட்கப்படாமல் டாக்டரிடம் சொல். பல நேரம் அது இரும்புச் சத்துக் குறைவின் அடையாளம். ரத்தம் பார்த்தால் தெரிந்துவிடும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இது உன் மனசு செய்யும் வேலை என்று யாராவது சொன்னால் நம்பாதே. நான் படித்த காலத்தில் புத்தகத்திலேயே அப்படி எழுதி வைத்திருந்தார்கள். உண்மையில், குழந்தையும் நஞ்சுக்கொடியும் சேர்ந்து ஜிடிஎஃப்15 என்ற ஒரு புரதத்தைச் சுரக்கின்றன. அது தாயின் ரத்தத்தில் கலந்து, மூளையின் அடிப்பகுதியில் குமட்டலைக் கிளப்புகிறது. கர்ப்பத்துக்கு முன்பு யார் உடம்பில் அது குறைவாக இருந்ததோ, அவர்களுக்குத் திடீரென்று ஏறும்போது தாங்குவதில்லை. 2023 டிசம்பரில் 'நேச்சர்' இதழில் இது வெளிவந்தது. அந்த ஆராய்ச்சியில் முக்கியப் பங்கு வகித்த மர்லீனா ஃபேஸோ, 1999இல் தானே இந்த வாந்தியால் படுத்த படுக்கையாகிக் குழந்தையை இழந்தவர். அவர் சொல்வதை நம்பாமல் அலட்சியப்படுத்தியதும் ஒரு டாக்டர்தான். ஃபேஸோ இந்த வாந்திக்கான காரணத்தைத் தேடிக் கண்டுபிடிக்க இருபது வருஷத்துக்கு மேல் ஆனது.

இனி, நீ செய்ய வேண்டியது. வயிறு காலியாகவும் கிடக்கக் கூடாது, முட்டவும் கூடாது. இந்த இரண்டில்தான் சாப்பாட்டு விஷயம் முழுக்க அடங்கியிருக்கிறது. தலைமாட்டில் ஒரு டப்பாவில் பொரியோ ரஸ்க்கோ வைத்துக்கொள். கண் விழித்ததும் எழாதே. படுத்தபடியே இரண்டு வாய் மென்று, கால் மணி நேரம் கழித்து மெதுவாக எழுந்திரு. மூன்று வேளைச் சாப்பாட்டை மறந்துவிட்டு, இரண்டு மணி நேரத்துக்கு ஒரு முறை கொஞ்சம் கொஞ்சமாகச் சாப்பிடு. அரை இட்லி போதும், நாலு வாய் தயிர் சாதம் போதும். சூடான சாப்பாட்டைவிட ஆறியதில் வாசம் குறைவு என்பதால் அது எளிதாக இறங்கும். சோறு கொதிக்கிற வாசமும் தாளிக்கிற வாசமும்தான் மசக்கைக்காரிக்குப் பெரிய எதிரி. அந்த நேரத்தில் அடுப்படிப் பக்கமே போகாதே. மாப்பிள்ளை சமைக்கட்டும். அத்தையிடம் நானே பேசுகிறேன். எண்ணெய்ப் பலகாரம், காரம் இரண்டையும் கொஞ்ச நாளைக்கு விட்டுவிடு. சத்தாகச் சாப்பிட முடியவில்லையே என்று அழாதே. குழந்தை இப்போது ஒரு மொச்சைக்கொட்டை அளவுதான். அதற்கு வேண்டியதை உன் உடம்பிலிருந்தே எடுத்துக்கொள்ளும். சாதாரண மசக்கை வாந்தியால் கரு கலையாது.

தண்ணீரைச் சாப்பாட்டோடு சேர்த்துக் குடிக்காதே. இடையில், வாய் வாயாகக் குடி. வெறும் தண்ணீர் குமட்டினால் உப்புப் போட்ட எலுமிச்சை ஜூஸ், இளநீர், நீர்மோர், எது இறங்குகிறதோ அது. ஓஆர்எஸ் என்றால் பெரிய பாக்கெட் ஒன்றுக்கு முழுதாக ஒரு லிட்டர் தண்ணீர் ஊற்ற வேண்டும், கண் அளவு போடாதே. இஞ்சி குமட்டலைக் குறைக்கும். ஆனால் சுக்காக எடுத்தால் நாளைக்கு 1 கிராம், அதாவது அரை டீஸ்பூனுக்குள் இருக்கட்டும். நெஞ்செரிச்சல் வந்தால் நிறுத்திவிடு. வாந்தி எடுத்த கையோடு பல் தேய்க்காதே. வயிற்று அமிலம் பட்ட பல் அந்த நேரத்தில் இளகியிருக்கும். ஒரு டம்ளர் தண்ணீரில் சிட்டிகை ஆப்பச் சோடா போட்டுக் கொப்பளித்துவிட்டு, அரை மணி நேரம் கழித்துத் தேய். ஃபோலிக் ஆசிட் மாத்திரையை மட்டும் விட்டுவிடாதே. காலையில் முடியாவிட்டால் ராத்திரி போடு. இரும்புச் சத்து மாத்திரை குமட்டலைக் கூட்டும். நம் சுகாதார நிலையங்களிலும் அதை நான்காம் மாதத்திலிருந்துதான் கொடுக்கிறார்கள். இப்போதே எழுதிக் கொடுத்திருந்தால் தள்ளிப்போடலாமா என்று டாக்டரிடம் கேள்.

இவ்வளவு செய்தும் அடங்காவிட்டால் மருந்து எடுத்துக்கொள். உன் பயம் எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும். 1957இல் மேற்கு ஜெர்மனியில் தாலிடமைட் என்ற தூக்க மருந்து விற்பனைக்கு வந்தது. மசக்கை வாந்திக்கும் அதைக் கொடுத்தார்கள். 1961இல் அதைத் திரும்பப் பெறுவதற்குள் பல நாடுகளில் ஆயிரக்கணக்கான குழந்தைகள் கை கால் வளராமல் பிறந்துவிட்டன. அந்தக் கொடுமைக்குப் பிறகு, கர்ப்பிணிக்கு மாத்திரை என்றாலே உலகம் நடுங்கியது. அந்த நடுக்கத்தில் நல்ல மருந்தும் அடிபட்டது. டாக்ஸிலமினும் பைரிடாக்ஸினும், அதாவது பி6 வைட்டமினும், சேர்ந்த மாத்திரை 1956 முதல் அமெரிக்காவில் இருந்தது. வழக்குகளுக்குப் பயந்து 1983இல் கம்பெனி அதை நிறுத்தியது. நிறுத்தியதால் பிறவிக் குறைகள் குறைந்தனவா? இல்லை. வாந்தியோடு ஆஸ்பத்திரியில் சேரும் பெண்கள்தான் கூடினார்கள். திரும்பத் திரும்ப ஆராய்ந்து, 2013இல் அதே கூட்டு மருந்துக்கு அங்கே மறுபடி அனுமதி கொடுத்தார்கள். நம் ஊரில் டாக்டர்கள் முதலில் எழுதுவதும் அதைத்தான்.

வழக்கமாக ராத்திரி படுக்கும்போது இரண்டில் தொடங்குவார்கள். மேலே பூச்சு உள்ள மாத்திரை என்பதால் மெதுவாகக் கரைந்து, விடியற்காலையில் வேலை செய்யும். கடிக்கக் கூடாது, உடைக்கக் கூடாது. போதாவிட்டால் காலையும் மதியமும் ஒவ்வொன்று கூட்டுவார்கள், நாளைக்கு நான்குக்கு மேல் போவதில்லை. உனக்கு எத்தனை என்பதை உன் டாக்டர்தான் சொல்ல வேண்டும். வாந்தி வந்த பிறகு போடுவதில் பயனில்லை, நாள் தவறாமல் போட வேண்டும். தூக்கம் வரும், ஸ்கூட்டியைத் தொடாதே. ஒண்டான்செட்ரான் என்ற மாத்திரையை மெடிக்கலில் நீயாகக் கேட்டு வாங்காதே. முதல் மூன்று மாதத்தில் அதை எடுத்தால் 10,000 குழந்தைகளில் சுமார் 3 பேருக்குக் கூடுதலாக உதட்டுப் பிளவோ அண்ணப் பிளவோ வரலாம். மற்ற மருந்து கேட்காதபோது, நன்மை தீமையை எடைபோட்டு டாக்டரே கொடுத்தால் தயங்காமல் போட்டுக்கொள்.

இப்போது சொல்வதை மாப்பிள்ளைக்கும் படித்துக் காட்டு. ஒரு நாள் முழுக்கத் தண்ணீர்கூடத் தங்கவில்லை, எட்டு மணி நேரமாகச் சிறுநீர் போகவில்லை அல்லது கட்டங்காப்பி நிறத்தில் போகிறது, எழுந்தால் தலை சுற்றுகிறது, நெஞ்சு படபடக்கிறது, வாந்தியில் ரத்தம், காய்ச்சல், வயிற்று வலி. இவற்றில் ஒன்று இருந்தாலும் விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். 108ஐக் கூப்பிடுங்கள். எடையும் பார்த்துக்கொண்டே இரு. 52 கிலோ இருந்தேன் என்றாய். 49 காட்டினால் 5 சதவீதத்தைத் தாண்டிவிட்டது, அதற்குமேல் வீட்டு வைத்தியம் உதவாது. தெரு முனைக் கிளினிக்கில் ஒரு பாட்டில் குளுக்கோஸ் ஏற்றிக்கொண்டு வருவதும் சரியில்லை. நாள்கணக்கில் வாந்தி எடுத்தவளுக்குக் குளுக்கோஸ் ஏற்றும் முன் பி1 வைட்டமின் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் மூளை பாதிக்கப்படலாம். "தயமின் கொடுத்தாச்சா?" என்று மாப்பிள்ளை கேட்கட்டும். சிறுநீரில் கீட்டோன் பார்ப்பார்கள், ஸ்கேன் எடுப்பார்கள். இரட்டைக் குழந்தையா, முத்துப்பிள்ளைக் கர்ப்பமா என்பதும் அதில் தெரியும். 20 வாரத்துக்குப் பிறகு தலைவலியோடும் மேல்வயிற்று வலியோடும் வாந்தி வந்தால் அது மசக்கையே அல்ல, ரத்தக் கொதிப்பாக இருக்கலாம். உடனே ஓட வேண்டும்.

உடம்பு இப்படி வாட்டும்போது மனசும் சோரும். இந்தக் குழந்தையே வேண்டாம் என்றுகூட ஒரு நிமிஷம் தோன்றலாம். அப்படித் தோன்றியதற்காக நீ கெட்ட தாய் ஆகிவிட மாட்டாய். என்னிடம் சொல், எத்தனை மணியானாலும் சரி.

கடைசியாக ஒரு வேலை கொடுக்கிறேன். சமையல் மேடையில் ஒரு டம்ளரைத் தனியாக எடுத்து வை. நாள் முழுக்கக் குடிப்பதெல்லாம் அந்த டம்ளரில்தான். குடித்து அரை மணி நேரம் வயிற்றில் நின்றால் காலண்டரில் ஒரு கோடு போடு, வெளியே வந்துவிட்டால் போடாதே. ராத்திரி படுக்கும்போது எத்தனை கோடு என்று எனக்கு வாட்ஸ்அப்பில் எண்ணை மட்டும் அனுப்பு. 'நல்லா இருக்கேன்' என்றெல்லாம் எழுத வேண்டாம். ஏழோ எட்டோ வந்தால் நிம்மதியாகத் தூங்குவேன். மூன்று வந்தால் டாக்டரைக் கூப்பிடச் சொல்வேன். ஒன்றுமே வரவில்லை என்றால் ராத்திரி பஸ்ஸிலேயே கிளம்பி வந்துவிடுவேன். உன் அம்மாவிடம் நான் கேட்காமல் விட்ட எண் அது. இன்று ராத்திரியே எதிர்பார்க்கிறேன்.

அன்புடன்,
உன் பெரியம்மா