விழுக்காட்டுக்கு அப்பால்: விபத்து இழப்பீட்டு வழக்கில் ஊனத்தை நிரூபித்தல்



விபத்தில் காயமடைந்தவருக்காக 1988-ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம் 166-ஆவது பிரிவின்கீழ் மனுத்தாக்கல் செய்யும் வழக்கறிஞர் நிரூபிக்க வேண்டியவை மூன்று: காயம் அந்த விபத்தால்தான் ஏற்பட்டது என்பது, சிகிச்சைக்குப் பின்னும் நிலைத்துவிட்ட ஊனம் எவ்வளவு என்பது, அந்த ஊனத்தால் மனுதாரரின் பிழைப்பு எவ்வளவு கெட்டது என்பது. முன்னிரண்டுக்கும் மருத்துவமனை ஆவணங்கள் பெரும்பாலும் துணைநிற்கும். மூன்றாவதோ சாட்சியத்தால் மட்டுமே கட்டப்படுவது.

காயமடைந்தவரை மருத்துவமனைக்குக் கொண்டுவந்தவுடன் பணி மருத்துவர் எழுதும் விபத்துப் பதிவேட்டின் நகலை முதலில் வாங்கிப் படிக்க வேண்டும். முதல் தகவல் அறிக்கை லாரி மோதியதாகச் சொல்ல, பதிவேடு ‘வண்டியிலிருந்து தானே விழுந்தார்’ என்று சொல்லுமானால், காப்பீட்டு நிறுவனத்தின் வழக்கறிஞர் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொள்வார் என்பதால், அம்முரண்பாட்டுக்கான விளக்கம் மனுதாரரின் முதல் விசாரணையிலேயே வந்துவிடுவது நல்லது.

ஊனச் சான்றிதழில் காணும் விழுக்காடு அப்படியே வருமான இழப்பின் விழுக்காடு ஆகிவிடாது என்பதை உச்ச நீதிமன்றம் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் 2010-இல் தெளிவுபடுத்தியது. ஒரு காலுக்கு 45 விழுக்காடு ஊனம் என்றால் முழு உடலுக்கும் 45 விழுக்காடு என்று பொருளாகாது. அவ்வாறே, இடக்கையை இழந்த ஓட்டுநரோ தச்சரோ தொழிலையே இழக்க நேரலாம், எழுத்தர் தம் வேலையில் தொடரலாம். ஊனம் ஒருவரின் சம்பாதிக்கும் திறனில் ஏற்படுத்தும் இந்தக் குறைவே ‘செயல்பாட்டு ஊனம்’ எனப்படுகிறது. காய்கறி வியாபாரி ஒருவர் கால் இழந்த சையத் சாதிக் வழக்கில் (2014) அது 85 விழுக்காடாகக் கொள்ளப்பட்டது.

ஆகவே, மருத்துவரைச் சாட்சிக் கூண்டில் ஏற்றி, சான்றிதழைச் சான்றாவணமாகக் குறியிட்டதோடு நிறுத்திவிடலாகாது. மனுதாரர் கொத்தனார் என்றால், முழங்கால் எத்தனை பாகை மடங்குகிறது, குத்துக்காலிட்டு அமர முடியுமா, சாரத்தில் ஏற முடியுமா, சிமென்ட் சட்டியைத் தூக்கிக்கொண்டு நடக்க முடியுமா என்று ஒவ்வொன்றாகக் கேட்டுப் பதில்களைப் பதிவுசெய்ய வேண்டும். விபத்துக்கு முன் அவர் என்ன வேலை செய்தார், பின் என்ன செய்கிறார் என்பதை மேஸ்திரியோ உடன் வேலைசெய்தவரோ வந்து சொல்ல வேண்டும். மருத்துவருக்குத் தெரிந்தது மூட்டின் நிலை. அந்த மூட்டை நம்பியிருந்த தொழில் மேஸ்திரிக்குத்தான் தெரியும்.

இந்தச் சாட்சியத்தின் பண மதிப்பு சிறிதன்று. மாதம் ரூ.12,000 ஈட்டிய 35 வயதுக் கொத்தனாருக்கு, பிரணய் சேத்தி தீர்ப்பின்படி (2017) எதிர்கால வருமான உயர்வுக்காக 40 விழுக்காடு கூட்டினால் ஆண்டு வருமானம் ரூ.2,01,600 ஆகும், வயதுக்கேற்ப ஆண்டு வருமானத்தைப் பெருக்கும் எண்ணாகிய ‘பெருக்கி’ சரளா வர்மா தீர்ப்பின்படி (2009) அவருக்கு 16. செயல்பாட்டு ஊனம் 20 விழுக்காடு எனில் வருமான இழப்பு ரூ.6,45,120, அதுவே 60 விழுக்காடு எனில் ரூ.19,35,360. காயமடைந்தவர் உயிரோடிருக்கும் வழக்கில் சொந்தச் செலவுக்கென்று எதையும் கழிப்பதில்லை என்பதையும் நினைவூட்ட வேண்டியிருக்கும்.

சிகிச்சையே அளிக்காத மருத்துவரிடம், கேட்ட விழுக்காட்டுக்குச் சான்றிதழ் வாங்கும் ஆசை வந்தால் அதை அடக்கிக்கொள்ள வேண்டும். அத்தகைய சான்றிதழ் குறித்து ராஜ்குமார் தீர்ப்பே எச்சரித்திருக்கிறது; ஐயம் எழுந்தால் வழக்கை விசாரிக்கும் தீர்ப்பாயம் மனுதாரரை மருத்துவக் குழுவுக்கு அனுப்பலாம், அங்கே மிகைப்படுத்திய எண் சரியும்போது உண்மையான வலியும் நம்பிக்கை இழக்கும்.

பொதுவாக இழப்பீடு ஒரே தொகையாக ஒருமுறைதான் வழங்கப்படுகிறது. உள்ளே பொருத்திய கம்பியை அகற்றும் அறுவைக்கும், செயற்கைக் காலை மாற்றுவதற்கும், உதவியாளரின் கூலிக்கும் மனுதாரர் மறுபடி தீர்ப்பாயத்தின் படியேற முடியாது என்பதால், வரப்போகும் செலவுகளுக்கான மதிப்பீட்டையும் மருத்துவரின் வாய்மொழியாகவே விசாரணை முடிவதற்குள் பதிவாக்கிவிட வேண்டும்.