எல்லாப் புராணமும் ஒரே கதைதானா?

ஓம் சரவணபவ!

"உலகத்துல எல்லாப் புராணமும் ஒரே கதைதான், பேர்தான் வேற"ன்னு யாராவது சொன்னா, நம்மில் பலருக்குப் பதில் சொல்லத் தெரியறதில்ல. இந்தக் கருத்தைப் பிரபலமாக்கியவர்களில் முக்கியமானவர் அமெரிக்க அறிஞர் ஜோசஃப் கேம்ப்பெல். 1949-ல் வந்த அவர் நூலில், நாயகன் புறப்படுவான், சோதனைகளை வெல்வான், வரத்தோடு திரும்புவான் என்று ஒரு பொதுப் பாதையைக் காட்டினார்.

நாமளே ஒப்பிட்டுப் பார்ப்போம்.

பாபிலோனியரின் 'எனுமா எலிஷ்' கதையில், மூத்த தெய்வங்களுக்காக மர்துக் என்ற இளம் தெய்வம் போருக்குப் போகிறார். கடலின் வடிவான தியாமத்தைக் கொன்று, உடலை இரண்டாகப் பிளந்து, ஒரு பாதியை வானமாக்குகிறார்.

கந்தபுராணத்தில் தேவர்களுக்காக நம்ம முருகன் போருக்குப் போறார். கடல் நடுவே மாமரமா நின்ற சூரபத்மனை வேல் இரண்டாகப் பிளக்குது.

இதுவரை ரெண்டும் ஒண்ணுதான். ஆனா தியாமத் செத்துப் போனாள். சூரபத்மனோ மயிலும் சேவலுமா மாறி, முருகனுக்கு வாகனமும் கொடியும் ஆனான். எதிரியையும் ஆட்கொண்ட இந்த அருளைத்தான் பெரியவங்க 'மறக்கருணை'ன்னு சொல்றாங்க.

அதனால ஒப்பீட்டைக் கண்டு பயப்பட வேண்டாம். எது ஒத்துப்போகுதுன்னு படிங்க, எங்கே மாறுதுன்னும் கவனிங்க. அடுத்த தடவை மயிலைக் கும்பிடும்போது, அது யாரா இருந்ததுன்னு நினைச்சுக்கோங்க.

வெற்றிவேல் முருகனுக்கு அரோகரா!